ஒளி ஊர்ந்து செல்லும் ஊர்

ஓர் ஊர். அங்கே சைக்கிளில் செல்பவரின் கைக்கடிகாரம் தெருக்கோடிக் கடிகாரத்தைவிட மெதுவாக ஓடுகிறது. வாழ்நாளில் பெரும்பகுதியை ரயிலிலேயே கழித்த நாற்பது வயதுக்காரர் ஒருவர் நிலையத்தில் இறங்குகிறார். தலை நரைத்த மூதாட்டி ஒருத்தி அவரைத் தாத்தா என்று அழைத்து வரவேற்கிறாள்! இயற்கை விதிகள் யாவும் கெட்டுப்போன இடம் என்றுதானே நினைக்கிறீர்கள்? அங்கே ஒரு விதிகூடக் கெடவில்லை. ஒரே ஓர் எண் மட்டும் மாற்றப்பட்டிருக்கிறது.

இவ்வூரைப் படைத்தவர் ஜார்ஜ் காமோவ் (1904–1968). ஒடெஸ்ஸாவில் பிறந்து அமெரிக்காவில் குடியேறிய இயற்பியல் அறிஞர். டாம்ப்கின்ஸ் என்னும் வங்கி எழுத்தர் சார்பியல் கொள்கை பற்றிய சொற்பொழிவுக்குப் போய்த் தூங்கிவிடுகிறார். (வகுப்பில் கண்ணயர்பவர்களுக்கு இது ஓர் ஆறுதல்.) கனவில் அவர் காணும் ஊர்தான் இது. அமெரிக்கப் பத்திரிகை ஒன்று திருப்பி அனுப்பிய இக்கதையை 1938-ல் இங்கிலாந்தின் 'டிஸ்கவரி' இதழ் வெளியிட்டது. 1940-ல் அது நூலாகவும் வந்தது. கதாநாயகனின் முதலெழுத்துக்கள் சி, ஜி, எச். இவை முறையே ஒளியின் வேகம், ஈர்ப்பு மாறிலி, பிளாங்க் மாறிலி ஆகியவற்றின் குறியீடுகள். எந்த எண்களோடு விளையாடப் போகிறார் என்பதைப் பெயரிலேயே சொல்லிவிட்டார் காமோவ்! மக்களிடையே அறிவியலைப் பரப்பியதற்காக 1956-ல் யுனெஸ்கோவின் கலிங்கா பரிசு அவருக்கு வழங்கப்பட்டது. ஒடிசாவின் பிஜு பட்நாயக் நிறுவிய பரிசு அது.

ஊருக்குள் செல்வோம். நம் உலகில் ஒளி நொடிக்கு ஏறத்தாழ 3 லட்சம் கிலோமீட்டர் செல்லும். கனவு ஊரில் அது ஊர்ந்து செல்கிறது. கணக்குக்கு வசதியாக மணிக்கு 30 கிலோமீட்டர் என்று வைத்துக்கொள்வோம். நீங்கள் மணிக்கு 18 கிலோமீட்டர் வேகத்தில் சைக்கிள் ஓட்டுகிறீர்கள். 18-ஐ 30-ஆல் வகுத்தால் 0.6. அதன் வர்க்கம் 0.36. அதை 1-லிருந்து கழித்தால் 0.64. அதன் வர்க்கமூலம் 0.8. ஐன்ஸ்டீன் 1905-ல் வெளியிட்ட சார்பியல் கொள்கையின் நெஞ்சமே இந்தச் சிறு கணக்கில் இருக்கிறது.

ஆறு கிலோமீட்டர் தொலைவிலுள்ள அஞ்சல் நிலையத்துக்குப் போகிறீர்கள். ஊர்க் கடிகாரங்களின்படி பயணம் 20 நிமிடம். உங்கள் கைக்கடிகாரமோ 16 நிமிடமே காட்டும். அப்படியானால் உங்கள் வேகம் கூடிவிட்டதா? இல்லை. உங்கள் அளவின்படி அஞ்சல் நிலையம் 4.8 கிலோமீட்டர் தொலைவில்தான் இருந்தது. அதை அதே 18 கிலோமீட்டர் வேகத்தில் கடக்க 16 நிமிடம் போதும். தெருவில் நிற்பவரின் கணக்கும் சரி, உங்கள் கணக்கும் சரி. எவ்வளவு அழுத்தி மிதித்தாலும் 30-ஐ மட்டும் எட்ட முடியாது. 24 கிலோமீட்டர் வேகத்தில் செல்லும் பேருந்திலிருந்து, அதே 24 கிலோமீட்டர் வேகத்தில் முன்னோக்கிப் பந்தெறிந்தால், தரையில் நிற்பவர் அளக்கும் பந்தின் வேகம் 48 அன்று, 29.3-தான்.

நம் தெருக்களிலும் இதே விதிதான் ஆட்சி செய்கிறது. ஆனால் இங்கே சைக்கிளுக்கு 0.8-க்குப் பதிலாகக் கிடைப்பது, புள்ளிக்குப் பின் 15 ஒன்பதுகள் வரும் எண். யார் கவனிப்பார்? மியூவான் என்னும் துகள் கவனிக்கிறது. காஸ்மிக் கதிர்களால் வானில் ஏறத்தாழ 15 கிலோமீட்டர் உயரத்தில் பிறக்கும் இத்துகளின் சராசரி ஆயுள், நொடியைப் பத்து லட்சம் பங்காக்கினால் அதில் 2.2 பங்கு. ஒளியின் வேகத்தில் ஓடினாலும் அதற்குள் 660 மீட்டர்தான் கடக்க முடியும். ஆயினும் ஏராளமான மியூவான்கள் தரையை வந்தடைகின்றன. அவற்றின் கடிகாரம் அவ்வளவு மெதுவாக ஓடுகிறது.

இனி, காமோவ் சறுக்கிய இடம். அவர் கதையில் சைக்கிள்காரர் பக்கவாட்டில் நசுக்கியதுபோல் ஒல்லியாகத் தெரிவார். படமும் அப்படியே வரையப்பட்டது. நீளம் குறைவது உண்மையே. ஆனால் அளப்பது வேறு, கண்ணால் காண்பது வேறு. பேருந்து ஒன்று சற்றுத் தொலைவில் உங்களைக் குறுக்காகக் கடக்கிறது. சாதாரணமாக அதன் பக்கவாட்டுப் பகுதி மட்டுமே தெரியும். பின்புறத்தை வண்டியே மறைத்துக்கொள்ளும். கனவு ஊரிலோ பின்புறத்திலிருந்து புறப்பட்ட மந்தமான ஒளி உங்களை நோக்கி வருவதற்குள் வண்டி முன்னே நகர்ந்து வழிவிட்டுவிடும். ஆகவே பக்கவாட்டும் பின்புறமும் சேர்ந்தே தெரியும். வண்டி நசுங்கியதாகத் தோன்றாது. திரும்பி நிற்பதாகத் தோன்றும்! அமெரிக்காவில் ஜேம்ஸ் டெரலும் பிரிட்டனில் ரோஜர் பென்ரோஸும் 1959-ல் இதைத் தனித்தனியே எடுத்துக்காட்டினர். 2025-ல் வியன்னா ஆய்வாளர்கள் அதிவேகக் காமிராக்களைக் கொண்டு, ஒளி நொடிக்கு 2 மீட்டரே செல்வதுபோன்ற படங்களைத் தொகுத்தனர். கனசதுரம் அவற்றில் திரும்பியே நின்றது.

இன்னும் பெரிய ஓட்டை ஒன்று உண்டு. மற்ற எண்களை அப்படியே விட்டு ஒளியின் வேகத்தை மட்டும் குறைத்தால் ஊர் நிற்குமா? ஹைட்ரஜன் அணுவில் எலெக்ட்ரானின் வேகம் நொடிக்கு ஏறத்தாழ 2,200 கிலோமீட்டர். மணிக்கு 30 கிலோமீட்டரே உச்ச வரம்பான இடத்தில் அந்த எலெக்ட்ரான் என்ன செய்யும்? நாமறிந்த அணு இராது. சைக்கிளும் இராது, டாம்ப்கின்ஸும் இரார். பூமியை விட்டுத் தப்ப நொடிக்கு 11.2 கிலோமீட்டர் வேகம் தேவை. அவ்வூர் ஒளியால் அது எங்கே முடியும்? பூமியே கருந்துளையாகிவிடும். எல்லாம் கனவு என்று சொல்லிக் காமோவ் சாமர்த்தியமாகத் தப்பித்துக்கொண்டார்.

சூரியன் கதி என்ன ஆகும் என்பதை நீங்களே கணக்கிடலாம். ஒளியின் வேகத்தை நொடிக்கு 8.33 மீட்டர் என்று கொண்டால், ஒரு கிலோகிராம் பொருள் முழுவதும் ஆற்றலாக மாறினாலும் கிடைப்பது ஏறத்தாழ 69 ஜூல்தான். அதே எடையுள்ள கல்லை 7 மீட்டர் உயரம் தூக்க அது போதும், அவ்வளவே. சூரியனின் நிறை 2-க்குப் பின் 30 சுழிகள் இட்ட கிலோகிராம். அது நொடிதோறும் வெளியிடுவது 4-க்குப் பின் 26 சுழிகள் இட்ட ஜூல். பெருக்கி வகுத்துப் பாருங்கள். விடை ஆண்டுக்கணக்கில் வராது; நான்கு நாட்கள் என்றே வரும்.