இரண்டு ஃபிரேம் கூடினால் பொம்மை

எடுத்து வந்த துண்டுகளை வரிசையாக ஒட்டுவதுதான் எடிட்டர் வேலை என்று நினைப்பவர்கள் 'ஜாஸ்' படத்தை இன்னொரு முறை பார்க்கலாம். 1974இல் அமெரிக்காவின் மார்த்தாஸ் வினியார்டு தீவில் எடுத்த படம். அதற்காகச் செய்த இயந்திரச் சுறா, உப்புத் தண்ணீரில் இறங்கியதும் மக்கர் பண்ணத் தொடங்கியது. 55 நாளில் முடிய வேண்டிய படப்பிடிப்பு 159 நாள் இழுத்தது. அத்தனை பாடுபட்டும், சுறாவைக் காட்டத் தேறிய ஷாட்கள் கொஞ்சம்தான்.

அந்தக் கொஞ்சத்தை வைத்துக்கொண்டு எடிட் செய்தவர் வெர்னா ஃபீல்ட்ஸ். சினிமாவில் ஒரு விநாடிக்கு 24 ஃபிரேம். சுறா 36 ஃபிரேம் திரையில் இருந்தால் பயம் வரும். 38 ஆனால் பொம்மை என்று தெரிந்துவிடும். நாள்கணக்கில் காத்திருந்து எடுத்த ஷாட் ஆயிற்றே என்று தனக்கு நறுக்க மனம் வரவில்லை, வெர்னா விடவில்லை என்று இயக்குநர் ஸ்பீல்பெர்க்கே பின்னாளில் சொல்லியிருக்கிறார். எடுத்தவர் பட்ட பாடு எடிட்டர் கண்ணை மறைக்கக் கூடாது. இதற்காகத்தான் இயக்குநருக்கு இன்னொரு ஆள் தேவைப்படுகிறார் என்பேன். (படம் பயமுறுத்தியதில் ஜான் வில்லியம்ஸின் இசைக்குப் பெரிய பங்கு உண்டு. சுறா தலைகாட்டாத இடங்களில் அந்த இசைதான் சுறா.)

வெர்னா எடிட்டராக இருந்த கணவரை 1954இல் இழந்தவர். இரண்டு மகன்கள். பிள்ளைகளைப் பார்த்துக்கொண்டே இரவில் வேலை செய்ய வீட்டிலேயே எடிட்டிங் அறை அமைத்துக்கொண்டார். முதலில் டிவி தொடர்களுக்கு ஒலித்தொகுப்பு, பிறகு படங்கள். நடுவில் கல்லூரியில் பாடமும் எடுத்தார். இயக்குநர் ஜார்ஜ் லூகாஸ் அவரிடம் படித்தவர்.

'ஜாஸ்' வேலையும் பெரும்பகுதி அந்த வீட்டில்தான் நடந்தது. முன்னோட்டக் காட்சிக்குப் பிறகு, ரசிகர்களை இன்னும் ஒருமுறை அலறவைக்க ஸ்பீல்பெர்க் ஆசைப்பட்டார். பாதி மூழ்கிய படகின் ஓட்டைக்குள்ளிருந்து பிணத்தின் தலை எட்டிப்பார்க்கும் காட்சியை வெர்னா வீட்டு நீச்சல்குளத்தில் புதிதாக எடுத்தார்கள். கடல்நீர் போலக் கலங்கித் தெரியப் பால்பவுடரைக் கொட்டினார்கள். தியேட்டரில் அதிகம் பேர் துள்ளியது அங்கேதான்.

1976இல் இந்தப் பட எடிட்டிங்குக்காக வெர்னாவுக்கு ஆஸ்கார் கிடைத்தது. அதே ஆண்டு யுனிவர்சல் நிறுவனம் அவரைத் துணைத் தலைவராக்கியது. ஸ்டுடியோ மேல்மட்டத்தில் பெண்கள் மிக அரிதாக இருந்த காலம் அது. 1982இல் இறக்கும்வரை அந்தப் பதவியில் இருந்தார். 'ஜாஸ்' படத்துக்குப் பிறகு அவர் வேறு எந்தப் படத்தையும் எடிட் செய்யவில்லை.