லேக் மார்க்கெட் வாடகை வீடுகள்: காலி செய்யும் வழக்குகள் ஆண்டுக்கணக்கில் நீள்வது ஏன்?

கொல்கத்தா: காபிப் பொடிக்கும் வாழை இலைக்கும் பூச்சரத்துக்கும் தமிழர்கள் தேடி வரும் இடம் தெற்கு கொல்கத்தாவின் லேக் மார்க்கெட். ராஷ்பிஹாரி அவென்யூவை ஒட்டிய இப்பகுதியின் பழைய கட்டடங்களில் தலைமுறைகளாக வாடகைக்குக் குடியிருக்கும் குடும்பங்கள் உண்டு. அத்தகைய வீட்டைக் காலி செய்யக் கோரி உரிமையாளர் நீதிமன்றத்தை நாடினால், தந்தை தொடுத்த வழக்கின் தீர்ப்பை மகன் பெறும் நிலையும் ஏற்படுகிறது.

இவ்வழக்குகளுக்கு அடிப்படையாக இருப்பது 1997ஆம் ஆண்டின் மேற்கு வங்க வாடகைச் சட்டம். இது 2001 ஜூலை 10 அன்று நடைமுறைக்கு வந்தது. கொல்கத்தாவில் மாத வாடகை 6,500 ரூபாய்க்கு மிகாத வீடுகளும், 10,000 ரூபாய்க்கு மிகாத கடைகளும் இதன் பாதுகாப்பில் வருகின்றன. 'சலாமி' எனப்படும் பெருந்தொகையை முன்பே கொடுத்துக் குடியேறி, இன்றும் சொற்ப வாடகை செலுத்துவோருக்கு இச்சட்டமே அரண். அந்த வாடகையில் கட்டடத்தைப் பழுதுபார்க்க இயலாது என்பது உரிமையாளர்களின் வாதம். அதிலும் நியாயம் இல்லாமல் இல்லை. மாநகராட்சி மாட்டிய 'பிபஜ்ஜனக் பாடி' (ஆபத்தான வீடு) என்ற பலகைக்குக் கீழேயே மக்கள் வசிக்கும் காட்சியை நகரில் காணலாம்.

தாமதம் எங்கே?

வழக்கின் முதல் கட்டத்திலேயே தாமதம் தொடங்குகிறது. அழைப்பாணை கிடைத்த ஒரு மாதத்துக்குள், வாடகை பாக்கியை 10 சதவீத வட்டியுடன் குடியிருப்பவர் செலுத்த வேண்டும். அதன்பின் ஒவ்வொரு மாதமும் 15ஆம் தேதிக்குள் வாடகையைச் செலுத்தி வர வேண்டும். பாக்கி எவ்வளவு என்பதிலேயே தகராறு இருந்தால் அதற்குத் தனி மனு உண்டு. அதனை ஓராண்டுக்குள் முடிக்க வேண்டும் என்கிறது சட்டம். ஆனால் அம்மனுவின் மீதான உத்தரவை எதிர்த்து உயர் நீதிமன்றம் வரை செல்ல வழியிருப்பதால், மூல வழக்கு அசையாமல் நிற்கிறது. இடையில் ஒரு தரப்பினர் இறந்தால் வாரிசுகளைச் சேர்க்க வேண்டும். 'சொந்தத் தேவைக்கு வீடு வேண்டும்' என்ற கோரிக்கையானால், அத்தேவை இன்னும் நீடிக்கிறதா என்ற கேள்வியும் எழும். பிறகு மேல்முறையீடு, அதன் பின் தீர்ப்பை நிறைவேற்றும் மனு.

இந்தக் கடைசிக் கட்டமும் எளிதன்று. தமிழ்நாட்டிலிருந்து சென்ற ஒரு சொத்து வழக்கில், நிறைவேற்று மனுக்களை ஆறு மாதங்களில் முடிக்குமாறு 2025 மார்ச்சில் உச்ச நீதிமன்றம் உத்தரவிட்டது. அதே ஆண்டு அக்டோபரில் கணக்குப் பார்த்தபோது, நாடு முழுவதும் 8,82,578 மனுக்கள் நிலுவையில் இருந்தன.

குடியிருப்போர் கவனிக்க வேண்டியவை

தாமதம் எப்போதும் குடியிருப்பவருக்குச் சாதகம் என்று கருதுவது தவறு. பாக்கியைச் செலுத்துவதற்கான காலவரம்பு கட்டாயமானது என 2019ல், மேற்கு வங்க வழக்கொன்றில் உச்ச நீதிமன்றம் தெளிவுபடுத்தியது. அதைத் தவறவிட்டவர் வெளியேற்றத்திலிருந்து பாதுகாப்பை இழக்க நேரிடும். மேலும், வெளியேற்ற உத்தரவுக்குத் தடை கேட்போர் பழைய வாடகைக்குப் பதிலாகச் சந்தை மதிப்பிலான தொகையைச் செலுத்துமாறு மேல்முறையீட்டு நீதிமன்றம் நிபந்தனை விதிக்கலாம்.

பலர் அறியாத விதி வாரிசுகள் பற்றியது. வாடகைதாரர் இறந்தால், அவருடன் வசித்து அவரைச் சார்ந்திருந்த, வேறு வீடில்லாத பிள்ளைகளுக்கு அதிகபட்சம் ஐந்து ஆண்டுகளே குடியிருப்பு உரிமை நீடிக்கும். இதே நிலையிலுள்ள கணவருக்கோ மனைவிக்கோ இந்த வரம்பு இல்லை. ஐந்து ஆண்டுகளுக்குப் பின், நியாய வாடகை செலுத்தச் சம்மதித்தால் புதிய ஒப்பந்தத்தில் பிள்ளைகளுக்கு முன்னுரிமை உண்டு. 'அப்பா காலத்து வாடகை' என்று நம்பியிருக்கும் குடும்பங்கள் இறப்பு தேதியை முதலில் பார்ப்பது நல்லது.

தமிழ்நாட்டில் 2019 பிப்ரவரி 22 முதல் நடைமுறையில் உள்ள புதிய சட்டம் எழுத்துப்பூர்வ ஒப்பந்தத்தைக் கட்டாயமாக்கி, தனி வாடகை நீதிமன்றங்களுக்கும் வழிசெய்தது. 2021 ஜூனில் மத்திய அமைச்சரவை ஒப்புதல் அளித்த மாதிரி வாடகைச் சட்டம், வழக்குகளை 60 நாட்களில் முடிக்க முயல வேண்டும் என்கிறது. எனினும், அதனை ஏற்பது மாநிலங்களின் விருப்பம்.