வழி திறந்த நதி



சிருஷ்டிப்பின் ஐந்தாம் நாளில் தேவன் நீர்வாழ் உயிர்களை உண்டாக்கி, அவை பெருகும்படி ஆசீர்வதித்தார் என்று ஆதியாகமத்தில் வாசிக்கிறோம். அந்த ஆசீர்வாதத்தைச் சுமந்துகொண்டு, பெருங்கடலிலிருந்து மலைநதிக்குப் பயணப்படும் சால்மன் மீனைக் குறித்து இம்மாதம் சிந்திப்போம். மும்பை மீன்சந்தையில் ‘ராவஸ்’ மீனை இந்திய சால்மன் என்று சொல்லக் கேட்டிருப்பீர்கள். அது வேறு இனம். நாம் காணப்போவது பசிபிக் பெருங்கடலின் சால்மன்.

பிறந்த நீரின் வாசனை

தாய்மீன் ஆற்றின் அடியிலுள்ள சரளைக்கற்களைத் தன் வாலினால் ஒதுக்கிக் குழிபறித்து, ஆயிரக்கணக்கான முட்டைகளை இட்டு, மறுபடியும் கற்களால் மூடுகிறது. குளிர்ந்த, தெளிந்த நீர் அக்கற்களினூடே ஓடினால்தான் முட்டைகள் பிழைக்கும். குஞ்சுகள் உப்புநீரில் வாழத்தக்கதாக உடல் மாற்றமடைந்து கடலுக்குச் செல்கின்றன. அங்கே வளர்ந்து பருத்தபின், முட்டையிடும்படி பெரும்பாலும் தாங்கள் பிறந்த நதியையே தேடி வருகின்றன.

வழியை எப்படி அறிகின்றன? ஒவ்வொரு ஓடைக்கும் தனி வாசனை உண்டு, அதைக் குஞ்சு தன் நினைவில் பதித்துக்கொள்கிறது என்னும் கருத்தை, அமெரிக்காவின் விஸ்கான்சின் பல்கலைக்கழகத்தைச் சேர்ந்த ஆர்தர் ஹாஸ்லரும் வாரன் விஸ்பியும் 1951-ஆம் ஆண்டில் வெளியிட்டனர். பிற்கால ஆய்வுகள் அதை உறுதிப்படுத்தின.

நதிக்குள் பிரவேசித்தபின் அவை உணவு உண்பதில்லை. உடலில் சேர்த்துவைத்த கொழுப்பைக் கொண்டே நீரோட்டத்தை எதிர்த்து ஏறுகின்றன. முட்டையிட்டபின் மடிந்துபோகின்றன. அவற்றின் உடல் கரடிக்கும் கழுகுக்கும் ஆகாரமாகிறது. கரையோர மரங்களுக்கு உரமாகிறது. நிலத்தில் விழும் கோதுமை மணியைக் குறித்து நம் ஆண்டவர் உரைத்தது இங்கே நம் நினைவுக்கு வருகிறதல்லவா?

நூறாண்டுத் தடை

அமெரிக்காவின் வாஷிங்டன் மாநிலத்தில் எல்வா என்றொரு நதி உண்டு. அதன் கரையில் வாழும் கிளாலம் பழங்குடியினருக்குச் சால்மனே ஆகாரமும் பிழைப்புமாயிருந்தது. 1855-ஆம் ஆண்டு உடன்படிக்கை அவர்களது மீன்பிடி உரிமையை உறுதிசெய்திருந்தது. மீன் ஏறும் ஆறுகளில் அணை கட்டுவோர் மீனுக்கு வழி விடவேண்டும் என்று 1890-ஆம் ஆண்டின் மாநிலச் சட்டமும் விதித்திருந்தது.

ஆயினும், மின்சாரத்திற்காக 1913-இல் ஓர் அணையும், 1927-இல் அதற்கு மேலே சுமார் 64 மீட்டர் உயரமுள்ள மற்றோர் அணையும் எழும்பின. இரண்டிலும் மீனுக்கு வழியில்லை. கடலிலிருந்து ஏறிவந்த சால்மன், சுமார் 8 கிலோமீட்டர் தூரத்திலேயே கற்சுவரின் முன் நின்றுபோயிற்று. மேலே நூறு கிலோமீட்டருக்கும் அதிகமான நல்ல நீர்வழி மீனின்றிக் கிடந்தது.

அப்பழங்குடியினர் சோர்ந்துபோகாமல் முறையிட்டார்கள். 1992-இல் அமெரிக்க நாடாளுமன்றம் நதியை மீட்கச் சட்டம் இயற்றியது. 2011 செப்டம்பரில் அணைகளை அகற்றும் பணி தொடங்கி, 2014-இல் நிறைவுற்றது. நதி தேறும்வரை மீன்பிடிப்பு நிறுத்திவைக்கப்பட்டது. அப்பழங்குடியினரும் தங்கள் வலைகளை ஒதுக்கிவைத்தார்கள்.

கீழ் அணை அகன்ற 2012-ஆம் ஆண்டிலேயே, அது நின்ற இடத்தைக் கடந்து சால்மன் மேலேறிச் சென்றது! அந்த மேல்நதியை அவற்றின் பல தலைமுறைகள் கண்டதில்லை. 2023-இல் கிளாலம் மக்கள், தங்கள் சடங்குக்கும் உணவுக்குமாக, ‘கோஹோ’ வகைச் சால்மனைச் சிறிதளவில் மீண்டும் பிடித்தார்கள். மீன்தொகை முற்றிலும் பெருக இன்னும் காலம் செல்லும். ஆனால் வழி திறந்திருக்கிறது.

நாம் எழுப்பிய அணைகள்

அன்பானவர்களே, மேல்நதியில் மீன் இல்லாததற்குக் காரணம் மீனல்ல, மனிதன் கட்டிய சுவரே என்பதைக் கவனியுங்கள்.

ஒரு வாலிபன் சபையை விட்டுப் போனால், ‘அவன் பின்வாங்கிப்போனான்’ என்று எளிதாய்ச் சொல்லிவிடுகிறோம். அவன் திரும்பிவர ஏங்கும் நாளில், எல்லாருக்கும் முன்பாக நாம் உரைத்த கடுஞ்சொல் அவனுக்கு முன்னே மதிலாக நிற்கவில்லையா? சொத்துப் பிரிவினையில் மனம் கசந்து, ஊரிலுள்ள உடன்பிறந்தானோடு பேசாமல் இந்நகரத்தில் வாழ்கிற சகோதரரே, உங்கள் பிள்ளைகள் தங்கள் பெரியப்பாவின் முகத்தையே அறியாமல் வளருகிறார்களே! அந்த அணையை எழுப்பினது யார்?

தம்முடைய ஜனத்தின் பாதையில் இருக்கும் தடையை அகற்றும்படி ஏசாயா 57-ஆம் அதிகாரத்தில் தேவன் கட்டளையிடுகிறார். எல்வாவின் அணைகளை ஒரே நாளில் இடிக்கவில்லை. சிறிது சிறிதாகவே அகற்றினார்கள். நீங்களும் ஒரு கல்லை எடுத்துப்போட்டுத் தொடங்கலாம். ஒரு கடிதம் எழுதுங்கள். தொலைபேசியில் ஒருமுறை அழையுங்கள். ‘என்னை மன்னித்துக்கொள்’ என்று சொல்லுங்கள். அவர்கள் உடனே வராமற்போனாலும் வழியைத் திறந்துவைப்பது நம் கடமை. திரும்பிவரச் செய்கிறவர் கர்த்தர்.

அவர் தாமே உங்கள் குடும்பங்களைச் சமாதானத்தினால் நிரப்புவாராக. ஆமென்.