மொட்டைக் கடுதாசியும் ரோமானிய ஆளுநரும்

வேலையில் இருந்த காலமெல்லாம் ஃபைல்களோடு மல்லாடியவன் நான். ஓய்வு பெற்றும் அந்தப் பழக்கம் விடவில்லை. சமீபத்தில் நான் புரட்டிய 'ஃபைல்' ஏறத்தாழ 1,900 வருடங்களுக்கு முந்தையது. ரோமானிய ஆளுநர் ஒருவர் தம் சக்கரவர்த்திக்கு எழுதிய கடிதமும், அதற்கு வந்த பதிலும். டிப்ளமோ படித்த ரயில்வே இன்ஜினீயருக்கு ரோமாபுரியில் என்ன வேலை என்று கேட்காதீர்கள். காரணத்தைக் கடைசியில் சொல்கிறேன்.

அந்த ஆளுநர் பெயர் பிளினி. நம் முசிறித் துறைமுகத்தைத் தம் நூலில் குறிப்பிட்ட மூத்த பிளினியின் சகோதரி மகன். கருங்கடலின் தென்கரையில், இன்றைய துருக்கியின் வடபகுதியில் இருந்த பித்தினியா-பொந்து மாகாணத்துக்கு டிராஜன் சக்கரவர்த்தி இவரை அனுப்பினார். காலம் கி.பி. 112-ஐ ஒட்டி. நிக்கோமீதியா நகரத்தார் 33 லட்சத்து 18 ஆயிரம் செஸ்டர்ஸ் காசு செலவழித்து, முடிக்காமல் கைவிட்ட குடிநீர்க் கால்வாயைப் பற்றி எழுதுகிறார். தகுந்த இன்ஜினீயர் ஒருவரை அனுப்புங்கள் என்கிறார். அந்த இடத்திலேயே எனக்கு அவரைப் பிடித்துப் போயிற்று.

அதே நகரில் பெருந்தீ பற்றியபோது, 150 பேர் கொண்ட தீயணைப்புக் குழு அமைக்கலாமா என்று கேட்டார். கூடாது என்றார் டிராஜன். எந்தப் பெயரில் கூடினாலும் சில நாளில் அது அரசியல் கூட்டமாகிவிடும் என்ற பயம்! நம் சங்கத்துக்கும் அவர் அனுமதி கொடுத்திருக்க மாட்டார். இந்தப் பயத்தை மனதில் வைத்துக்கொண்டால்தான் ரோமானிய அதிகாரிகள் கிறிஸ்தவர்களை எப்படிப் பார்த்தார்கள் என்பது விளங்கும்.

கிறிஸ்தவர்கள் என்று சிலரைப் பிளினி முன் கொண்டுவந்து நிறுத்தினார்கள். "நீ கிறிஸ்தவனா?" என்று, தண்டனை உண்டு என எச்சரித்து, மூன்று முறை கேட்டார். ஆமாம் என்பதிலேயே நின்றவர்களைக் கொலைத் தண்டனைக்கு அனுப்பினார். அவர்கள் ஒப்புக்கொண்டது எதுவானாலும், அந்தப் பிடிவாதமே தண்டனைக்குரியது என்பது அவர் வாதம். ரோமானியக் குடியுரிமை உள்ளவர்களை ரோமுக்கு அனுப்பக் குறித்துக்கொண்டார்.

பிறகு ஒரு மொட்டைக் கடுதாசி வந்தது. அதில் ஏகப்பட்ட பெயர்கள். இல்லை என்று மறுத்தவர்களை, தெய்வங்களை வேண்டி, சக்கரவர்த்தியின் உருவத்துக்குத் தூபமும் மதுவும் படைத்து, கிறிஸ்துவை நிந்திக்க வைத்து விடுவித்தார். முன்பு கிறிஸ்தவர்களாக இருந்து விலகிய சிலர், தாங்கள் செய்ததெல்லாம் இவ்வளவுதான் என்றார்கள்: குறித்த நாளில் விடியுமுன் கூடி, கிறிஸ்துவைத் தெய்வமாகப் பாடுவது. திருடுவதில்லை, விபசாரம் செய்வதில்லை, வாக்குத் தவறுவதில்லை, நம்பிக் கொடுத்த பொருளைத் திருப்பிக் கேட்டால் மறுப்பதில்லை என்று சத்தியம் செய்வது. மீண்டும் கூடிச் சாதாரண உணவு உண்பது. கூட்டங்களுக்குத் தடை வந்ததும் அதையும் நிறுத்திவிட்டார்களாம்!

பிளினிக்குத் திருப்தி இல்லை. சபையில் ஊழியம் செய்த இரண்டு அடிமைப் பெண்களைச் சித்திரவதை செய்து விசாரித்தார். அளவு மீறிய மூடநம்பிக்கையைத் தவிர வேறொன்றும் காணவில்லை என்று அவரே எழுதுகிறார்.

இத்தனைக்கும் பிறகுதான் மேலிடத்தைக் கேட்கிறார்: தண்டனை 'கிறிஸ்தவன்' என்ற பெயருக்கா, அந்தப் பெயரோடு ஒட்டிய குற்றங்களுக்கா? நியாயமான கேள்விதான். ஆனால் கேள்வி புறப்படும் முன்பே சிலரைத் தண்டனைக்கு அனுப்பியாகிவிட்டது.

டிராஜனின் பதில் சுருக்கமானது. நீர் செய்தது சரியே. இவர்களைத் தேடிப் பிடிக்க வேண்டாம். யாராவது குற்றம் சாட்டி நிரூபித்தால் தண்டியும். மறுத்து நம் தெய்வங்களை வணங்கினால் மன்னித்துவிடும். பெயரில்லாத புகாருக்கு எந்த வழக்கிலும் இடம் தரக் கூடாது. அது கெட்ட முன்மாதிரி, நம் காலத்துக்கு அழகல்ல.

கி.பி. 197 வாக்கில் தெர்த்துல்லியன் என்ற கிறிஸ்தவ எழுத்தாளர் இந்த உத்தரவைப் பிடித்துக்கொண்டார். தேட வேண்டாம் என்றால் நிரபராதி, தண்டி என்றால் குற்றவாளி. இரண்டில் எது என்று கேட்டார். பதில் சொல்வது கடினம்தான். ஆனாலும் மொட்டைக் கடுதாசி விஷயத்தில் டிராஜன் சொன்னது பொன்னான வார்த்தை.

இப்போது என் காரணம். 1988-இல் ஒரு செக்ஷனில் தண்டவாளப் பராமரிப்புக்குப் பொறுப்பாக இருந்தேன். வயதான கேங்மேன் ஒருவர் ஃபிஷ் பிளேட்டுகளைத் திருடி விற்பதாக ஒரு மொட்டைக் கடுதாசி வந்தது. அவர் கொஞ்சம் முரடு, எதிர்த்துப் பேசுவார். அதுவே எனக்குப் போதுமானதாக இருந்தது. அவரை வேலையிலிருந்து நிறுத்தி வைக்கும்படி அன்றே எழுதிவிட்டேன். பிறகுதான் ஸ்டோரில் இருந்த சரக்கை எண்ணினேன். ஒன்றுகூடக் குறையவில்லை. 17 நாள் கழித்து வேலைக்குத் திரும்பியவர் என்னிடம் கோபப்படவில்லை. "முதலில் எண்ணிப் பார்த்திருக்கலாமே, சாஹேப்" என்றார், அவ்வளவுதான்.

பிளினி கொடியவர் அல்ல; படித்தவர், கணக்கில் சுத்தமானவர், சட்டம் தெரிந்தவர். அப்படிப்பட்டவரே முதலில் தண்டித்தார், பிறகு விசாரித்தார். அந்தக் கடிதத்தைப் படித்தபோது எனக்கு நினைவு வந்தது ரோமாபுரி அல்ல, அந்தக் கேங்மேனின் முகம். நம் பிள்ளைகளில் பலர் இன்று அதிகாரிகளாக இருக்கிறார்கள். கையெழுத்துப் போடும் முன் ஒரு முறை எண்ணிப் பார்க்கச் சொல்லுங்கள்.