வினவிக் கற்ற அறிஞர்

சமூகத்தில் பெண்ணுக்குரிய இடத்தை வரையறுப்பது எது? சமயமா, அதற்குப் பொருள்கண்ட காலமா, ஆண்ட அரசா? இஸ்லாமியப் பெண்களின் வரலாற்றை முன்வைத்து இவ்வினாவை ஆராய்ந்தவர், எகிப்தில் பிறந்த அறிஞர் லைலா அகமது. தம் கருத்தையே மறுஆய்வுக்கு உட்படுத்திய அவருடைய வாழ்வும் எழுத்தும் அறியத்தக்கன.

இளமையும் கல்வியும்

லைலா அகமது 1940ஆம் ஆண்டு கெய்ரோவில் பிறந்தார். பொறியாளரான அவருடைய தந்தை, அசுவான் உயர் அணையால் சூழலுக்கு விளையும் கேடுகளை எடுத்துரைத்தார். அதனால் அரசின் சினத்துக்கு ஆளானார். உண்மையை உரைப்பதற்கு ஒரு விலை உண்டு என்பதை மகள் இளமையிலேயே உணர்ந்தார். இங்கிலாந்தின் கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் பயின்று முனைவர் பட்டம் பெற்ற அவர், பின்னர் அமெரிக்காவில் பேராசிரியராகப் பணியாற்றினார்.

1999இல் வெளிவந்த தன்வரலாற்று நூலில், இருவகை இஸ்லாமைப் பற்றி அவர் எழுதுகிறார். ஒன்று, ஆண் அறிஞர்கள் ஏடுகளில் பேணியது. மற்றொன்று, பாட்டியின் இல்லத்தில் கூடிய பெண்கள் தம் பேச்சாலும் வாழ்வாலும் கையளித்தது.

இரு குரல்கள்

'இஸ்லாமில் பெண்களும் பாலினமும்' என்னும் பொருள்படும் அவருடைய நூல் 1992இல் வெளியாயிற்று. இஸ்லாமில் ஆண், பெண் இருவரையும் அறத்தின்முன் சமமாகக் காணும் குரலும், குடும்ப அமைப்பில் ஆணை முதன்மைப்படுத்தும் குரலும் ஒருங்கே ஒலிக்கின்றன என்பது இந்நூலின் மையக்கருத்து. முகத்திரையிடுதலும் பெண்களை ஒதுக்கிவைத்தலும் இஸ்லாமுக்கு முன்பே பைசாந்தியம், பாரசீகம் முதலிய நாடுகளில் உயர்குடி வழக்கங்களாக நிலவின. அப்பாசியர் காலத்தில் சட்டங்கள் உருப்பெற்றபோது, அச்சமூகத்தின் ஆணாதிக்கப் போக்கு இரண்டாம் குரலையே மேலோங்கச் செய்தது என்று அவர் விளக்குகிறார்.

ஆட்சியாளரின் முரண்

எகிப்தில் ஆங்கிலேய ஆட்சியை நடத்திய குரோமர் பிரபு, முகத்திரையைப் பெண்ணடிமையின் அடையாளமாகப் பழித்தார். ஆனால், எகிப்தியப் பள்ளிகளில் கட்டணத்தை உயர்த்திக் கல்வியை எட்டாக்கனியாக்கினார். தாயகம் திரும்பியபின், பெண்களின் வாக்குரிமையை எதிர்த்த ஆடவர் சங்கத்தில் முன்னின்றார். பெண் விடுதலை என்னும் சொல் ஆதிக்கத்துக்கும் கருவியாகலாம் என்பதற்கு லைலா அகமது காட்டும் சான்று இதுவாகும்.

கருத்தை மாற்றிய ஆய்வு

அவர் வளர்ந்த காலத்துக் கெய்ரோவில் கற்ற பெண்கள் பலர் தலைத்திரை அணிவதில்லை. பிற்காலத்தில் அமெரிக்காவில் தலைத்திரை அணிந்த பெண்கள் பெருகக் கண்டு அவர் கவலையுற்றார். காரணத்தை ஆராயத் தொடங்கினார். அப்பெண்களுள் பலர் சமூகநீதிக்கும் பெண்ணுரிமைக்கும் உழைப்பதை அறிந்ததும், தம் முந்தைய எண்ணத்தைத் திருத்திக்கொண்டார். அம்மாற்றத்தை 2011இல் வெளியிட்ட 'அமைதிப் புரட்சி' எனப் பொருள்படும் நூலில் மறைக்காமல் பதிவுசெய்தார்.

ஓர் ஆடையைக் கொண்டு ஒரு பெண்ணின் மனத்தை அளந்துவிட இயலாது. பிறரைப் பற்றிய முடிவுக்கு வருமுன் அவர்தம் சொல்லைச் செவிமடுத்தல் வேண்டும். சான்று மாறுபடின் தம் கருத்தை மாற்றிக்கொள்வது அறிஞர்க்கு இழுக்கன்று. அதுவே அறிவின் அழகு.

தெரிந்து தெளிவோம்

ஹார்வர்டு பல்கலைக்கழக இறையியல் பள்ளியில், சமயத்தில் பெண்கள் குறித்த ஆய்வுக்கென நியமிக்கப்பட்ட முதல் பேராசிரியர் லைலா அகமது. 'அமைதிப் புரட்சி' நூலுக்காக 2013ஆம் ஆண்டு சமயத்துறைக்குரிய கிராவ்மையர் விருதைப் பெற்றார்.