வழக்குக்காக எழுதப்படாத சாட்சியம்

பதினெட்டாம் நூற்றாண்டின் நடுப்பகுதியில் புதுச்சேரியின் தலைவிதியைக் கையில் வைத்திருந்த மூன்று பிரெஞ்சுக்காரர்களும் கடைசியில் வழக்காளிகளாகவே முடிந்தார்கள். 1746-இல் ஆங்கிலேயரிடமிருந்து சென்னையைப் பிடித்த லபூர்தொனே, நாடு திரும்பியதும் பாஸ்தீல் சிறையில் அடைக்கப்பட்டார். தன் பக்க நியாயத்தை 1750-இல் அச்சிட்டு வெளியிட்டார். 1742 முதல் 1754 வரை கவர்னராக இருந்த டூப்ளே, பிரெஞ்சுக் கிழக்கிந்தியக் கம்பெனிக்காகத் தன் சொந்தப் பணத்தைக் கொட்டியதாகச் சொல்லிக் கம்பெனியின் மீதே வழக்காடினார். 1759-இல் அவரும் ஒரு விண்ணப்ப நூல் வெளியிட்டு, 1763-இல் கடனாளியாகச் செத்தார். புதுச்சேரியை 1761-இல் கோட்டைவிட்ட லாலி, தேசத்துரோகக் குற்றச்சாட்டில் 1766-இல் பாரிசில் தலை வெட்டப்பட்டார். ஆக, தென்னிந்தியாவில் பிரெஞ்சு அதிகாரம் எழுந்து விழுந்த கதைக்கு அதை நடத்தியவர்களே விட்டுச்சென்ற எழுத்துகளில் பெரும்பகுதி, தலையையோ சொத்தையோ காப்பாற்றிக்கொள்ள எழுதப்பட்டவை. நல்ல வக்கீல் எழுதுவது போல அவை நடந்ததைச் சொல்லும். ஆனால் எந்த இடத்தில் நிறுத்த வேண்டும் என்பதும் அவற்றுக்குத் தெரியும்.

இந்தக் காலத்தை கவர்னர் வீட்டுக்குள்ளேயே இருந்து பார்த்த இன்னொருவர், யாருக்கும் மனு போடாமல், தமிழில் எழுதிவைத்திருந்தார். 1736 செப்டம்பரில் தொடங்கி, 1761 ஜனவரியில் நகரம் விழுவதற்குச் சில நாட்கள் முன்பு தாம் இறக்கும்வரை ஏறக்குறைய இருபத்தைந்து ஆண்டுகள் நாட்குறிப்பு எழுதிய ஆனந்தரங்கப் பிள்ளைதான் அவர். அதை நாம் பழைய தமிழ் உரைநடைக்கு உதாரணமாகவும், புதுச்சேரியின் பெருமைக்குரிய பொருளாகவும் போற்றுவதோடு நிறுத்திவிடுகிறோம். அதற்கு மேலும் அதற்கு ஒரு தகுதி உண்டு. அந்த ஆட்சி எப்படி நடந்தது என்பதற்கு டூப்ளேயின் கடிதங்களைவிடவும் லபூர்தொனேயின் நூலைவிடவும் நம்பத்தக்க சாட்சியம் அது. பிள்ளை நேர்மையாளர் என்பதற்காக இதைச் சொல்லவில்லை. அவருடைய சுயநலம் வேறு திசையில் இருந்தது என்பதே காரணம்.

பிள்ளை கம்பெனியின் துபாஷாக இருந்தவர். துபாஷ் என்றால் மொழிபெயர்ப்பாளர் என்று பள்ளிப் பாடம் சொல்லும். அது பாதி உண்மை. கம்பெனிக்கு வேண்டிய துணிக்கு வியாபாரிகளோடு ஒப்பந்தம் போடுவது, முன்பணம் கொடுப்பது, கடன் திரட்டுவது, நவாபுக்கு எழுதும் கடிதத்தில் என்ன பட்டம் சேர்க்க வேண்டும், என்ன வெகுமதி அனுப்பினால் மரியாதை, எது அவமரியாதை என்று சொல்லித் தருவது, ஊரில் சாதிச் சண்டை மூண்டால் பஞ்சாயத்துக்கு உட்காருவது என எல்லாம் அந்த வேலைக்குள் அடக்கம். கவர்னர்கள் வருவார்கள், போவார்கள்; ஆர்க்காட்டிலும் தஞ்சாவூரிலும் யார் யாருக்கு உறவு, யார் யாருக்குப் பகை என்ற அறிவு துபாஷிடம்தான் தங்கும். இன்றைய சொல்லில் சொன்னால் அவர் ஆலோசகர், இடைத்தரகர், உளவு அறிவிப்பவர், கூடவே சொந்தக் கணக்கில் வியாபாரி. நான்கும் ஒரே ஆள் என்பதில் அன்று யாருக்கும் உறுத்தல் இருந்ததாகத் தெரியவில்லை.

இப்படிப்பட்டவர் ஏன் எழுதினார்? எழுத்துக்கு என்ன விலை உண்டு என்பது அந்தக் குடும்பத்துக்கு நன்றாகத் தெரிந்திருக்க வேண்டும். அவருடைய தந்தை திருவேங்கடம் பிள்ளையைச் சென்னைப் பெரம்பூரிலிருந்து புதுச்சேரிக்கு அழைத்துவந்த மைத்துனர் நைனியப்பப் பிள்ளை, கம்பெனியின் தலைமைத் தரகராக இருந்தவர். 1716-இல் கவர்னர் எபேர் அவரைக் கைது செய்து தண்டித்தார். 1717-இல் அவர் சிறையிலேயே இறந்தார். சாட்சிகள் தமிழில் சொன்னது பிரெஞ்சில் என்னவாக எழுதப்பட்டது என்பதே அந்த வழக்கின் பெரிய சர்ச்சை. தீர்ப்பு பின்னர் ரத்தானது, ஆனால் போன உயிர் போனதுதான். நைனியப்பரின் மகன் குருவப்பப் பிள்ளை ஐரோப்பாவுக்கே போய் வாதாடி, மதம் மாறி, பட்டமும் பெற்றுத் திரும்பினார். இதுவே காரணம் என்று பிள்ளை எங்கும் எழுதிவைக்கவில்லை, இது என் ஊகம். ஆனால், யார் எந்த நாளில் எந்த நேரத்தில் என்ன சொன்னார், யார் எதிரே நின்றார், பீரங்கி எத்தனை முறை சுட்டார்கள், யாருக்கு என்ன சகலாத்துத் துணி கொடுத்தார்கள் என்று அவர் விடாமல் குறித்துவைப்பதைப் பார்த்தால், என்றைக்காவது கேள்வி வந்தால் தன் கையில் பதில் இருக்க வேண்டும் என்று நினைக்கும் வியாபாரிக் குடும்பத்தின் ஜாக்கிரதை தெரிகிறது. வழக்குக்குத் தயாராக இருப்பது வேறு, வழக்குக்காக எழுதுவது வேறு. எந்த விவரம் பின்னால் உதவும் என்று தெரியாதபோது எல்லா விவரத்தையும் எழுதிவைத்தாக வேண்டும்.

1746-இல் நடந்த சென்னை விவகாரத்தில் இந்த வேறுபாடு நன்றாகத் தெரிகிறது. செப்டம்பரில் சென்னை சரணடைந்தது. பதினோரு லட்சம் வராகன் பெற்றுக்கொண்டு ஊரை ஆங்கிலேயரிடமே திருப்பித் தர லபூர்தொனே ஒப்புக்கொண்டார். டூப்ளேக்கு அது பொறுக்கவில்லை. ஊரைப் பிடித்தால் ஆர்க்காட்டு நவாப் அன்வருதீன் கானிடம் ஒப்படைப்பதாக அவர் ஏற்கெனவே வாக்குக் கொடுத்திருந்தார். அதையும் காப்பாற்றும் எண்ணம் அவருக்கு இல்லை என்பது பின்னால் தெரிந்தது. இருவரும் பின்னாளில் எழுதியதைப் படித்தால், முதலிலிருந்தே தெளிவான கொள்கையோடு நடந்துகொண்ட இரண்டு ராஜதந்திரிகள் மோதியது போலத் தோன்றும். பிள்ளையின் குறிப்பில் அந்தத் தெளிவு கிடையாது. சென்னையிலிருந்து வந்த கடிதம், அதைப் படித்துவிட்டு கவர்னர் பட்ட கோபம், கடைவீதியில் உலாவிய வதந்தி, லபூர்தொனே ஆங்கிலேயரிடம் தனியாகப் பணம் வாங்கிவிட்டார் என்ற பேச்சு எல்லாம் அன்றன்றைக்கு வந்த வரிசையிலேயே இருக்கின்றன. அக்டோபர் புயல் லபூர்தொனேயின் கப்பல்களைச் சின்னாபின்னமாக்கியிராவிட்டால் என்ன ஆகியிருக்கும் என்று யாருக்கும் தெரியாத வாரங்கள் அவை. அந்தத் தெரியாமையைப் பாதுகாத்து வைத்திருப்பது இந்த நாட்குறிப்பு ஒன்றுதான்.

1750 டிசம்பரும் அப்படித்தான். செஞ்சிக்கு அருகே நிஜாம் நாசிர் ஜங் கொல்லப்பட்டார் என்ற செய்தி வந்ததும் புதுச்சேரி கொண்டாட்டத்தில் மிதந்தது. பிரெஞ்சுக்காரர் ஆதரித்த முசாபர் ஜங் புதிய நிஜாமாக அங்கே வந்து இறங்கினார். டூப்ளேயின் புகழ் உச்சத்தில் நின்றது. அந்த முசாபர் ஜங் சில வாரங்களில் சாகப்போகிறார், ஆர்க்காட்டு நவாப் பதவிக்குப் பிரெஞ்சுக்காரர் ஆதரித்த சந்தா சாகிப் 1752-இல் தலை இழக்கப்போகிறார், 1754-இல் டூப்ளேயே திருப்பி அழைக்கப்படப்போகிறார் என்று நமக்குத் தெரியும். எழுதியவருக்குத் தெரியாது. பின்னாளில் நினைவுக் குறிப்பு எழுதும் எவரும் இந்த இடத்தில் ஒரு சகுனத்தையாவது கண்டுபிடித்திருப்பார்கள். பிள்ளைக்குச் சகுனத்திலும் ஜோதிடத்திலும் அபார நம்பிக்கை. ஆனால் அவருடைய ஜோதிடமும் அந்தந்த நாளின் ஜோதிடமாகவே நிற்கிறது, பலித்ததைப் பார்த்துத் திருத்தியதாக இல்லை.

இதற்கு எழும் முதல் மறுப்பு, பிள்ளையும் சுத்தமான ஆள் இல்லை என்பது. மெய்தான். தலைமைத் துபாஷாக இருந்த கிறிஸ்தவர் கனகராய முதலியார் 1746 பிப்ரவரியில் இறந்ததும், அந்தப் பதவிக்காக நடந்த இழுபறி இந்நாட்குறிப்பில் பக்கம் பக்கமாக ஓடுகிறது. பதவியைக் கிறிஸ்தவருக்கே தர வேண்டும் என்றனர் பாதிரியார்கள். கவர்னரின் மனைவி ழான், புதுச்சேரியிலேயே பிறந்து தமிழ் பேசத் தெரிந்தவர், பிள்ளைக்கு எதிராக நின்றார். பிள்ளை அவர்மேல் கொட்டும் வெறுப்பைப் படிக்கும்போது, அந்த அம்மாளைப் பற்றி அவர் சொல்வதை அப்படியே ஏற்கக் கூடாது என்பது சட்டென்று புரிந்துவிடும். பல வரலாற்றாசிரியர்கள் அப்படியே ஏற்றுக்கொண்டது வேறு கதை. ஆனால் இந்த மறுப்பு எவ்வளவு தூரம் செல்லும் என்று பார்க்க வேண்டும். பிள்ளையின் ஆசை கவர்னர் வீட்டு வாசலில் தன் இடம் என்ன என்பதில் இருந்தது. சென்னை ஒப்பந்தம் செல்லுமா, கம்பெனிப் பணம் எங்கே போயிற்று என்பனவற்றில் டூப்ளேக்கு இருந்த பதற்றம் அவருக்கு இல்லை. அவர் ஆசை குறுக்கிடாத இடங்களில் அவரை நம்பலாம். குறுக்கிடும் இடங்களில், ஒரு பதவிக்கு யார் யார் வழியாக எவ்வளவு கேட்கப்பட்டதாகப் பேச்சு, யார் யாரைச் சுற்றி வந்தார்கள் என்பதற்கு அந்த ஆசையே ஆவணம். எந்தக் கம்பெனிப் பதிவேட்டிலும் இது ஏறியிருக்காது.

இரண்டாவது மறுப்பு இன்னும் கூர்மையானது. பக்கக் கணக்கில் நீளும் உரையாடல்களை ஒருவர் மாலையில் வந்து அப்படியே நினைவிலிருந்து எழுதியிருக்க முடியுமா? முடியாது. அதிலும், கவர்னரை அவர் புகழ்ந்த புகழ்ச்சியைத் தாமே விரிவாக எழுதிவைத்திருப்பதைப் படிக்கும் நமக்குத்தான் கூச்சமாக இருக்கிறது. சொல்லுக்குச் சொல் நடந்ததாக எடுத்துக்கொள்ளத் தேவையில்லை. ஆனால் துபாஷின் பேச்சு எந்த எல்லைக்குள் ஓடியது என்பதற்கு அது சான்று. அறிவுரை சொல்ல வேண்டுமானால் முதலில் புகழ வேண்டும், மறுத்துப் பேச வேண்டுமானால் வேறு யாரோ சொன்னதாகச் சொல்ல வேண்டும், கவர்னர் கோபமாக இருந்தால் பேச்சை மாற்ற வேண்டும். ஆலோசகருக்கு அதிகாரத்தின் அருகே எவ்வளவு இடம் இருந்தது என்று இதைவிடத் துல்லியமாக அளக்க வேறு கருவி கிடையாது. தேதிகளையும் நிகழ்ச்சிகளையும் பொறுத்தவரை, ஆங்கிலப் பதிப்பின் பிற்பகுதியைக் கவனித்த ஹென்றி டாட்வெல் சென்னை ஆவணங்களோடு ஒப்பிட்டுக் குறிப்புகள் எழுதியிருக்கிறார். அந்த ஒப்பீட்டைத் தாங்கி நிற்கும் நூல் இது.

அதிகாரத்தின் அருகே ஆலோசகருக்கு இருந்த இடம் எவ்வளவு சிறியது என்பது 1748 செப்டம்பரில் வெளியானது. ஆங்கிலேயக் கடற்படைத் தளபதி பாஸ்கவன் புதுச்சேரியை முற்றுகையிட்டிருந்த நேரம். ஏசுசபையார் கோயிலை ஒட்டியிருந்த வேதபுரீசுவரர் கோயிலை இடிக்க வேண்டும் என்பது பாதிரியார்களின் பல்லாண்டுக் கோரிக்கை. முற்றுகையைச் சாக்காக வைத்து அது இடிக்கப்பட்டது. ஊர்ச் சாதித் தலைவர்கள் பிள்ளையைத் தேடி வந்தார்கள். தமிழர்களில் கவர்னருக்கு மிக நெருங்கியவர் என்று பெயரெடுத்தவரால் எதையும் தடுக்க முடியவில்லை. இதைப் பற்றிய குறிப்பில் வேதனையும் இருக்கிறது, பழியைப் பிறர்மேல் தள்ளும் முயற்சியும் இருக்கிறது. தன் புகழுக்காக மட்டும் எழுதுபவராக இருந்தால் இந்தப் பக்கங்களைக் கிழித்திருப்பார், அல்லது தாம் வீரமாக வாதாடியதாக ஒரு காட்சி சேர்த்திருப்பார். தம்மால் முடியாமல் போனதை அவர் மறைக்கவில்லை.

மூன்றாவதாக ஒன்று சொல்லப்படும்: இது மேல்தட்டு வியாபாரி ஒருவரின் பார்வை, கீழே இருந்த மக்கள் இதில் எங்கே? இந்தக் குறையை நான் முழுவதுமாக மறுக்கப்போவதில்லை. சாதிப் பெருமிதம் அவர் எழுத்தில் வெளிப்படையாகவே இருக்கிறது. நெசவாளி இதில் துணி எண்ணிக்கையாக வருகிறார், ஆளாக வருவது அபூர்வம். ஆட்களைக் கடத்தி அடிமைகளாகக் கப்பலேற்றிய அக்கிரமம் 1743-இல் வெளியானபோது அதையும் எழுதியிருக்கிறார் என்பது உண்மையே. ஆனால் அங்கேயும் கடத்தப்பட்டவர்களின் குரலைவிட, அதில் யாருடைய ஆட்கள் சம்பந்தப்பட்டார்கள் என்பதுதான் அவருடைய அக்கறையாகத் தெரிகிறது. அதிகாரத்தின் உள்ளிருந்து எழுதுபவரிடம் அதிகாரம் நடந்த விதத்தைக் கேட்கலாம். அது யார்மேல் நடந்தது என்பதற்கு வேறு இடத்தில்தான் தேட வேண்டும்.

உள்ளிருந்தோர் நாட்குறிப்புகள் இன்று உலகெங்கும் ஏராளம். பிரிட்டிஷ் அமைச்சர் ரிச்சர்ட் கிராஸ்மன் வெளியிடும் எண்ணத்தோடே எழுதியவர். 1974-இல் அவர் இறந்த பிறகு அரசாங்கம் தடை கேட்டு நீதிமன்றம் போய், 1975-இல் தோற்றது. நிக்சனின் வலக்கையாக இருந்த ஹால்டமன் எழுதியது அவர் மறைவுக்குப் பின் 1994-இல் வந்தது. அதை நிக்சனின் ஒலிநாடாக்களோடு வைத்துச் சரிபார்க்க முடியும் என்பது அதன் தனி வசதி. ஆனால் இவர்கள் இருவருக்கும் வரலாறு என்ற வாசகர் கண்முன் இருந்தார். பிள்ளைக்கு அப்படி ஒரு வாசகர் இருந்ததாகச் சொல்ல ஒரு தடயமும் இல்லை. 1756-இல் தலைமைத் துபாஷ் பதவி போன பிறகும், உடம்பு தளர்ந்த பிறகும் எழுதினார். எழுதியது வீட்டிலேயே கிடந்தது. முதலில் சொன்ன மூன்று வழக்குகளில் எதிலும் யாரும் அதைக் கேட்கவில்லை. 1846-இல் கலுவா மொம்பிரன் என்ற பிரெஞ்சு அதிகாரி கண்டெடுத்துப் படியெடுக்கும்வரை வெளியுலகத்துக்கு அது இருப்பதே தெரியாது.

அதன் பிறகும் அதற்குக் கிடைத்த வாழ்வு கோணலானது. 1904-க்கும் 1928-க்கும் இடையே சென்னை அரசாங்கம் பன்னிரண்டு தொகுதிகளாக ஆங்கிலத்தில் வெளியிட்டது. தமிழ் மூலம் புதுச்சேரியில் அச்சேறத் தொடங்கியதோ 1948-இல்தான். இடையில் பல மாதங்களுக்கான பக்கங்கள் தொலைந்திருக்கின்றன. ஆக, பெரும்பாலான ஆய்வாளர்கள் மேற்கோள் காட்டுவது பிரெஞ்சும் பாரசீகமும் போர்த்துக்கீசியமும் கலந்த அந்தக் கடைத்தெருத் தமிழை அல்ல, அதன் சலவை செய்த ஆங்கில வடிவத்தை. பிள்ளையின் தம்பி மகன் திருவேங்கடம் பிள்ளை விட்ட இடத்திலிருந்து எழுதினார். அதே ஊர்க்காரரான இரண்டாம் வீராநாயக்கர் 1778 முதல் 1792 வரை எழுதிய நாட்குறிப்பில், ஆங்கிலேயர் முற்றுகையும் பிரெஞ்சுப் புரட்சியின் செய்தி புதுச்சேரிக்கு வந்து சேர்ந்த விதமும் இருக்கின்றன. இவற்றை ஆனந்தரங்கருக்குப் பின்னிணைப்பாகவே கருதிவருகிறோம். அடுத்தடுத்து வைத்துப் படித்தால்தான், மேலே சொன்ன ஜாக்கிரதையில் எவ்வளவு அந்த ஒரு மனிதருடையது, எவ்வளவு அந்த ஊரில் அதிகாரத்தோடு பழகியவர்கள் எல்லோருக்கும் பொதுவானது என்று பிரித்துச் சொல்ல முடியும்.