முத்தத்துக்கு ஒரு விசாரணை
ஊமைப்படக் காலத்தில் ஒரு பெரிய கவலை: மேல்நாட்டுப் படங்களின் கட்டியணைப்பும் முத்தமும் நம் இளசுகளைக் கெடுத்துவிடுமோ? 1927-இல் பிரிட்டிஷ் இந்திய அரசு விசாரணைக் குழுவே அமைத்துவிட்டது. தலைவர், சென்னை வக்கீல் திவான் பகதூர் டி. ரங்காச்சாரியார். ஊர் ஊராகச் சென்று 353 பேரிடம் சாட்சியம் கேட்டார்கள். முத்தத்துக்கு இத்தனை சாட்சிகளா என்று இன்று சிரிப்பு வரும். 1928-இல் வந்த அறிக்கை, அந்தப் பயம் மிகையானது, தணிக்கை மட்டும் தொடரட்டும் என்றது. அறிக்கை வந்த மறு ஆண்டே, 1929-இல் ‘பிரபஞ்ச பாஷ்’ என்ற இந்திய ஊமைப்படத்தில் சீதா தேவியும் சாரு ராயும் திரையிலேயே முத்தமிட்டுக்கொண்டார்கள்.